எந்தத் தோட்டம்?

கிள்ளான் பொது மருத்துவமனையில் எண் வரிசைக்குக் காத்திருக்கும் நாற்காலிகள். தைப்பூசத்தன்று பத்துமலை அடிவாரத்தில் நிழல் தேடி ஒதுங்கும் சுவர். கல்யாண மண்டபத்தில் இரண்டாம் பந்திக்கு நிற்கும் கூட்டம். முன்பின் தெரியாத இரண்டு மலேசியத் தமிழர்கள் இப்படி ஓரிடத்தில் பக்கத்துப் பக்கத்தில் மாட்டிக்கொண்டால், பேச்சு வெயிலில் தொடங்கும், கார் நிறுத்தக் கட்டணத்துக்குப் போகும், மூன்றாவது நிமிடத்தில் அந்தக் கேள்விக்கு வந்து நிற்கும்.

“நீங்க எந்தத் தோட்டம்?”

“போ தோட்டம். கேமரன்ல.”

“அட, குளிர்லேர்ந்து வந்த ஆளா! எங்க சித்தியக் கட்டிக் குடுத்தது ரிங்லெட்லதான்.”

அவ்வளவுதான். அந்நியம் போயிற்று, உறவும் வந்துவிடவில்லை. இரண்டுக்கும் நடுவில் ஒரு திண்ணை உண்டு. அதில் உட்கார்ந்துகொண்டு பெரிய கிராணியின் பெயர், தோட்டத்துத் திருவிழா, ஆயாக் கொட்டகை, மூடிப்போன பள்ளிக்கூடம் என்று ஒன்றொன்றாக எடுத்துப் பார்ப்பார்கள். எண் கூப்பிடப்படும். ஒருவர் எழுந்து போவார். தொலைபேசி எண்கூட வாங்கியிருக்க மாட்டார்கள்.

தமிழ்நாட்டில் இதே இடத்தில் வரும் கேள்வி “எந்த ஊரு?” மலேசியாவில் அந்தச் சொல் வேறு வேலையில் இருந்தது. பழைய தோட்டத் தமிழில் ‘ஊர்’ என்றால் கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கும் ஊர். ‘ஊருக்குப் போயிட்டாங்க’ என்றால் கப்பலேறிவிட்டார்கள் என்று பொருள். ஊர் அங்கேயே தங்கிவிட்டதால், இங்கே கால் ஊன்றிய மண்ணைச் சொல்ல இன்னொரு சொல் வேண்டியிருந்தது. தோட்டம் அந்த இடத்தில் வந்து உட்கார்ந்தது.

விந்தை என்னவென்றால், இன்று கேட்கிறவரும் பதில் சொல்கிறவரும் பெரும்பாலும் தோட்டத்தில் இல்லை. 1970-ல் மலேசிய மக்களில் நகரவாசிகள் 28.4 சதவீதம், 2020 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 75.1 சதவீதம். பால்மரம் (ரப்பர்) போய்ச் செம்பனை வந்தது, செம்பனை போய் வீடமைப்புத் திட்டம் வந்தது. தோட்டம் அழிந்து இருபது, முப்பது ஆண்டுகள் ஆன பிறகும் கேள்வி மட்டும் நகரத்தில் நடமாடிக்கொண்டிருக்கிறது. அதன் பிறப்பிடத்தைத் தேடுகிறவர்கள், தோட்டம் இன்னும் தோட்டமாகவே இருக்கும் ஓரிடத்துக்கு மலையேற வேண்டும்.

நாலாயிரம் அடி உயரத்தில்

தாப்பாவிலிருந்து கேமரன் மலைக்கு ஏறும் பாதை 1931-ல் திறந்தது. எத்தனை வளைவு என்பதற்கு ஆளுக்கொரு கணக்கு உண்டு. வயிற்றுக்கு மட்டும் சரியான கணக்கு தெரியும். ஏறி முடித்ததும் வருவது ரிங்லெட். அங்கிருந்து பிரியும் சாலை லெம்பா பெர்த்தாமுக்குள் இறங்குகிறது. தானா ராத்தாவைத் தாண்டி வரும் சுங்கை பெர்த்தாம் ஆறு, ரிங்லெட் ஏரியில் தேங்கி, சுல்தான் அபு பக்கார் அணையைக் கடந்து இந்தப் பள்ளத்தாக்கில் நுழைகிறது. சுற்றுவட்டாரத்துச் சரிவுகளில் தேயிலை. கீழே வெள்ளை நெகிழிக் கூரைகள். அவற்றின் அடியில் தக்காளி, முட்டைகோஸ், செவ்வந்தி. தூரத்திலிருந்து பார்த்தால் யாரோ நூற்றுக்கணக்கான வேட்டிகளைத் துவைத்து மலை நெடுகக் காயப்போட்டதுபோல இருக்கும்.

இதை நகரம் என்றால் கோலாலம்பூர்க்காரர்கள் சிரிப்பார்கள். கேமரன் மலை மாவட்டம் முழுவதற்குமே மக்கள்தொகை சுமார் 40 ஆயிரம்தான். ஆனால் பழக்கமில்லாதவர்கள் நெருங்கி வாழும் இடம்தான் நகரம் என்றால், இந்தப் பள்ளத்தாக்குக்கு அந்தத் தகுதி தாராளமாக உண்டு. ரிங்லெட் கடைத்தெருவின் காலை நேரத்தில் சீனத் தவுக்கேயும் தமிழ் லோரி ஓட்டுநரும் மலாய்ப் போலீஸ்காரரும் அடுத்தடுத்த மேசைகளில் இருப்பார்கள். காட்டு வழியே மோட்டார் சைக்கிளில் வந்த செமாய்ப் பழங்குடி இளைஞர், எரிவாயுக் கலனைப் பின்னால் கட்டிக்கொண்டிருப்பார். வங்கதேசம், நேப்பாளம், இந்தோனேசியா, மியன்மாரிலிருந்து வந்தவர்கள் பண்ணை வண்டிக்கு நிற்பார்கள்.

இந்தக் கலவை நாடு முழுக்கப் பேசப்பட்டது 2019 ஜனவரி 26 அன்று நடந்த கேமரன் மலை நாடாளுமன்ற இடைத்தேர்தலில். சுமார் 32 ஆயிரம் வாக்காளர்கள்; ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு மலாய்க்காரர், அதற்குச் சற்றுக் குறைவாகச் சீனர், ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் செமாய் உள்ளிட்ட ஒராங் அஸ்லி பழங்குடியினர், சுமார் 15 சதவீதம் இந்தியர். அதற்கு முன் எஸ்.கே. தேவமணி, ஜி. பழனிவேல், சி. சிவராஜ் என்று மலேசிய இந்திய காங்கிரஸின் (ம.இ.கா.) தமிழர்கள் வரிசையாக இங்கிருந்து நாடாளுமன்றம் போனார்கள். 2013-ல் பழனிவேல் ஜெயித்தது வெறும் 462 வாக்கு வித்தியாசத்தில். 2019-ல் ரம்லி முகமட் நோர் வென்று, மக்களவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் ஒராங் அஸ்லி ஆனார். இந்த மலைக்கு முதலில் வந்தவர்களுக்கு அந்த நாற்காலி கடைசியாகத்தான் கிடைத்தது.

செமாய் மக்களைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். வன்முறையை அறவே தவிர்க்கும் மக்கள் என்று அவர்களை உலகத்துக்கு அறிமுகம் செய்தது அமெரிக்க மானிடவியலாளர் ராபர்ட் டென்டன் 1968-ல் வெளியிட்ட நூல். அந்நியரைக் கண்டால் அஞ்சும்படி அவர்கள் குழந்தைகளைப் பழக்குவதையும் அவர் பதிவுசெய்தார். அந்த அச்சத்துக்குக் காரணம் உண்டு. 19-ம் நூற்றாண்டுவரை கீழ்நாட்டிலிருந்து வந்த கூட்டங்கள் மலைக்குடிகளின் பிள்ளைகளை அடிமைகளாகப் பிடித்துப்போயின. முகம் தெரியாதவரைப் பார்த்துக் கூச்சமில்லாமல் “எந்தத் தோட்டம்?” என்று கேட்கும் துணிச்சல் எல்லா மக்களுக்கும் வாய்த்துவிடவில்லை.

கப்பலும் லயமும்

1929-ல் ஜே.ஏ. ரஸல் என்ற ஆங்கிலேயத் தொழிலதிபர், இலங்கைத் தேயிலையில் பழகிய ஏ.பி. மில்னைத் துணை சேர்த்துக்கொண்டு போ தோட்டத்தைத் தொடங்கினார். உலகப் பொருளாதாரம் சரிந்த ஆண்டும் அதுதான். அடுத்த சில ஆண்டுகளில் மலாயாவின் ரப்பர்த் தோட்டங்களிலிருந்து லட்சத்துக்கும் மேற்பட்ட தமிழர்கள் வேலையில்லை என்று கப்பலேற்றித் திருப்பி அனுப்பப்பட்டார்கள். கீழே ஆள்களைக் கழித்துக்கொண்டிருந்த அதே நாள்களில், மேலே காட்டை வெட்டித் தேயிலை நட ஆள் வேண்டியிருந்தது. 1933-ல் வட இந்தியக் குடும்பம் ஒன்று பாரத் தேயிலையைத் தொடங்கியது. ரஸல் அந்த ஆண்டே காலமானார், தோட்டம் நிலைத்து நின்றது.

மலாயாத் தோட்டங்களுக்கு ஆள் வந்த முறையைப் புரிந்துகொண்டால்தான் அந்தக் கேள்வி புரியும். ஒப்பந்தக் கூலி முறை 1910-ல் முடிந்தது. அதற்குப் பிறகு கங்காணி முறையே கோலோச்சியது. தோட்டத்தில் வேலை பார்க்கும் கங்காணி தன் சொந்த ஊருக்குத் திரும்பிப் போய், தன் சனத்தையும் அக்கம்பக்கத்தாரையும் கூட்டிவருவார். 1938-ல் இந்திய அரசு இப்படிக் கூலியாட்கள் போவதைத் தடைசெய்யும்வரை இது நடந்தது. ஆக, ஒரே லயத்தில் பாதிப் பேர் ஒரே கிராமத்தார், மறுபாதி வேறெங்கோ கிடந்தவர்கள். நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் கப்பலேறி, மேல்தளத்தில் ஐயாயிரம் பேருக்கு மேல் ஏற்றிக்கொள்ளும் ‘ரஜுலா’வில் நெருக்கியடித்து, பினாங்குக் கரையோரம் ஜெரஜாக் தீவின் தடுப்புக் காப்பகத்தில் நாள் எண்ணிவிட்டு வந்தவர்கள். டிரினிடாட், கயானா, பிஜிக்குப் போன வட இந்தியர்கள் ஒரே கப்பலில் வந்தவரை ‘ஜஹாஜி பாய்’ என்றார்கள். கப்பல் அண்ணன் தம்பி. அந்த உறவில் பெண் கொடுக்கக்கூட யோசித்தார்கள், கூடப்பிறந்த முறையாயிற்றே என்று. மலாயாத் தமிழரின் கேள்வியும் அதே குடும்பத்துப் பிள்ளைதான்.

லயம் என்பது நீளக் கொட்டகையைப் பலகையால் வீடு வீடாகத் தடுத்தது. ஒரு வீட்டில் மிளகாய் தாளித்தால் ஐந்து வீட்டில் தும்மல் கேட்கும். புருஷன் பெண்டாட்டி சண்டைக்கு ரகசியம் கிடையாது. பிரசவ வேதனைக்கும் கிடையாது. அப்படி வாழ்கிறவர்கள் பக்கத்து வீட்டாரை ஏதாவது ஒரு முறை சொல்லிக் கூப்பிட்டே ஆக வேண்டும். அண்ணே, அக்கா, மாமா, பெரியம்மா. முறை வைத்துக் கூப்பிட்டபின் முறையோடு நடக்க வேண்டிவரும். கடன் கேட்கலாம், பிள்ளையை விட்டுவிட்டு வேலைக்காட்டுக்குப் போகலாம், சாவு வீட்டில் அடுப்பை எடுத்துக் கட்டலாம். சமூகவியலாளர்கள் இதற்குப் ‘புனைவு உறவு’ என்று பெயர் வைத்திருக்கிறார்கள். லயத்தில் இருந்தவர்களைக் கேட்டால் புனைவு எங்கே இருக்கிறது என்று திருப்பிக் கேட்பார்கள்.

இதை அப்படியே பொன்னால் மூடிவிடவும் முடியாது. “எந்தத் தோட்டம்?” என்ற கேள்வியின் முதுகுக்குப் பின்னால் இன்னொரு கேள்வி ஒளிந்திருப்பது உண்டு: “என்ன ஆளுங்க?” தோட்டத்தின் பெயரும் கங்காணியின் பெயரும் தெரிந்தால் லயத்தின் வரிசை தெரியும், வரிசை தெரிந்தால் சாதியை ஊகிக்கலாம். பல தோட்டங்களில் லயங்களே சாதி பார்த்துப் பிரிக்கப்பட்டிருந்தன. அண்ணே என்று கூப்பிட்ட வாய், சம்பந்தம் என்று வந்தபோது வேறு பாஷை பேசியது. இன்று கோலாலம்பூரில் அந்த முதல் கேள்வியைக் கேட்கும் பெரியவர்கள் எல்லோருமே இரண்டாவதை மனத்தில் வைத்துக் கேட்கிறார்கள் என்று சொன்னால் அநியாயம். யாருமே அப்படிக் கேட்பதில்லை என்றால் அது பொய்.

அண்ணே என்றால் யார்?

கூப்பிடும் சொல் எப்படிப் பயணம் போகிறது என்பதற்கு ‘மாமாக்’ எனும் உணவுக்கடையைவிட நல்ல பள்ளிக்கூடம் இல்லை. கேமரனில் இருந்தாலும் சிலாங்கூரில் இருந்தாலும் மலாய் இளைஞர் கையை உயர்த்தி “அனே, தே தாரிக் சத்து” என்பார். அந்த ‘அனே’ நம்முடைய அண்ணேதான். கடை தமிழ் முஸ்லிமுடையதாக இருந்தபோது பரிமாறுகிறவரும் தமிழர், சொல் பொருந்தியது. இப்போது திரும்பிப் பார்ப்பவர் பல கடைகளில் வங்கதேசத்துக்காரர். கேட்கிறவருக்கும் தமிழ் தெரியாது, கேட்கப்படுகிறவருக்கும் தமிழ் தெரியாது. நடுவில் ஒரு தமிழ் உறவு தேநீர்க் கோப்பையைச் சுமந்துகொண்டு போய்வருகிறது. ‘மாச்சா’வும் இப்படியே இனம் கடந்தது, சீனப் பிள்ளையும் மலாய்ப் பிள்ளையும் தமிழ் நண்பனைக் கூப்பிட அதைத்தான் எடுக்கிறார்கள்.

மலாய் மொழிக்கும் இதே குணம் உண்டு. முகம் தெரியாதவரை ‘நீ’, ‘நீங்கள்’ என்று முன்னிலையில் விளிப்பதை அது கூடியவரை தவிர்க்கும். அபாங், காக்கா, பாச்சி, மாச்சி, ஆடேக் என்று அண்ணன், அக்கா, மாமா, அத்தை, தம்பி, தங்கைகளை வரிசையாக நிறுத்திக்கொள்ளும். தமிழும் மலாயும் இந்த விஷயத்தில் பங்காளிகள். இரண்டு மொழிக்காரரும் சந்தையில் சண்டை போட்டாலும் உறவு சொல்லித்தான் போடுவார்கள்.

ஆனால் உறவுச் சொல்லால் உயர்த்தவும் முடியும், தாழ்த்தவும் முடியும். மலாய் அகராதியில் ‘தம்பி’க்கு இடம் உண்டு. அது இளைய சகோதரனைக் குறித்து அங்கே போகவில்லை. அலுவலகத்தில் கோப்பு தூக்கும் இந்திய ஏவலாளைக் குறித்துப் போனது. நரைத்த தலையரும் அங்கே தம்பிதான். துரைமாரும் தமிழ் கற்றார்கள். தோட்ட உதவி நிர்வாகிகளுக்குத் தோட்டக்காரர் சங்கம் தமிழில் தேர்வே வைத்தது. இலங்கையில் 1915-ல் வந்த ‘கூலித் தமிழ்’ என்ற கையேடு அந்தக் காலத்து மனத்தைத் தலைப்பிலேயே காட்டிவிடும். அவர்களுக்குத் தேவைப்பட்டது ஏவல் வினை: வா, போ, வெட்டு, தூக்கு. ‘எந்த ஊர்?’ என்று கேட்க அந்தத் தமிழ் போதாது.

‘கெலிங்’ என்ற சொல்லை மலேசியத் தமிழர்கள் இன்றும் மறக்கவில்லை. கலிங்கம் என்ற நாட்டுப் பெயரிலிருந்து வந்ததாகச் சொல்லப்படும் அந்தச் சொல் பிற்காலத்தில் வசையாயிற்று. கேட்டால் ரத்தம் கொதிக்கும். அப்படிக் கொதிக்கிற அதே வீட்டில், தோட்டத்திலோ கடையிலோ வேலைக்கு வந்த ஒருவரை “அந்த பங்ளா” என்று சொல்லும்போது யாருக்கும் நாக்கு இடறுவதில்லை. நாட்டின் பெயரைப் பாதியில் வெட்டி ஒரு மனிதனின் தலையில் கட்டும் வழக்கத்தை, பட்டவர்களே இவ்வளவு சீக்கிரம் கற்றுக்கொண்டார்கள் என்பது சுடுகிறது.

நீலம், சிவப்பு, அட்டையே இல்லாதவர்

அடையாளம் என்ற சொல்லுக்கு மலேசியாவில் ஒரு நிறம் உண்டு. கம்யூனிஸ்ட் கிளர்ச்சியை ஒடுக்க மலாயாவில் அவசரகாலம் தொடங்கிய 1948-ல், கம்யூனிஸ்டுகளையும் பொதுமக்களையும் பிரித்தறிய 12 வயதைக் கடந்த எல்லோருக்கும் அடையாள அட்டை கட்டாயமாயிற்று. கெரில்லாக்கள் காட்டிலிருந்து வந்து அட்டைகளைப் பிடுங்கிக் கிழித்தார்கள். அரசு மறுபடி எழுதிக் கொடுத்தது. யாரென்று நிரூபிக்கும் ஒரு தாளுக்காக ஏழைகள் இரண்டு பக்கமும் அடிவாங்கிய காலம் அது. பின்னாளில் குடிமகனுக்கு நீலம், நிரந்தரவாசிக்குச் சிவப்பு.

1957-ல் நாடு விடுதலை பெற்றபோது தோட்டத்துக்குள்ளேயே பிறந்து வளர்ந்த பலர் குடியுரிமைக்கு மனுப் போடவில்லை. மனு எதற்கு, நாம் இங்கேதானே இருக்கிறோம் என்ற நினைப்பு. குடிமக்கள் அல்லாதவர்களுக்கு வேலை அனுமதிச் சீட்டு வேண்டும் என்று 1968-ல் வந்த சட்டம் அந்த நினைப்பை உடைத்தது. அடுத்த சில மாதங்களில் சுமார் 60 ஆயிரம் இந்தியர்கள் நாட்டைவிட்டுப் போனார்கள். பினாங்கில் கப்பலேறியவர்களில் எத்தனையோ பேருக்கு ‘ஊர்’ என்பது பாட்டி சொன்ன கதையாக மட்டுமே தெரியும். போகாமல் இருந்தவர்களில் சிலர் சிவப்பு அட்டையோடு கிழவர்களானார்கள். 2011-ல் அப்படிப்பட்டவர்களைப் பதிய ‘மைடஃப்தார்’ என்ற இயக்கம் நடந்தது. 2018-லும்கூட அறுபது வயது கடந்த மூவாயிரத்துக்கு மேற்பட்ட இந்தியர்கள் சிவப்பு அட்டைக்காரர்களாகவே குடியுரிமைக்குக் காத்திருந்தார்கள்.

அட்டையில் பெயர் எழுதியவர்கள் செய்த வேலை தனிக் கதை. லட்சுமி என்ற பெயர் கிராணியின் காதில் விழுந்து ரோமன் எழுத்தில் இறங்கும்போது நடுவில் ஒரு ‘டி’யும் ‘சி’யும் ‘எச்’சும் ஏறிக்கொண்டன. சுப்ரமணியம் ‘மணியம்’ என்று வாலாக மிஞ்சினார். பெயருக்கும் அப்பா பெயருக்கும் நடுவில் ‘மகன்’, ‘மகள்’ என்பதற்கான மலாய்ச் சுருக்கம் சாய்கோட்டோடு வந்து உட்கார்ந்தது. தவறாக எழுதப்பட்ட அந்தப் பெயர்களே இப்போது ஒரு முகவரி. மெல்பர்னிலோ லண்டனிலோ ஒரு மேசைப் பலகையில் அந்த ‘லெட்சுமி’யின் எழுத்துகளைக் கண்டால், பார்க்கிற மலேசியத் தமிழர் தயங்காமல் பக்கத்தில் போய் நிற்பார். கேள்வி எது என்று சொல்ல வேண்டியதில்லை.

தோட்டம் இல்லாத தோட்டப் பள்ளி

நகரத்தில் தோட்டங்களைத் தேடுகிறவர்கள் பள்ளிக்கூடப் பெயர்ப்பலகைகளைப் பார்த்தால் போதும். பெட்டாலிங் ஜெயாவின் பண்டார் உத்தாமா வட்டாரத்தில், அடுக்குமாடிகளுக்கும் பேரங்காடிக்கும் அருகில், எஃபிங்ஹாம் தோட்டத் தமிழ்ப்பள்ளி. சுபாங் ஜெயா பக்கம் சீஃபீல்டு தோட்டத் தமிழ்ப்பள்ளி. கோலாலம்பூரில் எடின்பரோ தோட்டத் தமிழ்ப்பள்ளி. 1998 காமன்வெல்த் விளையாட்டுப் போட்டிக்காக அரங்கம் எழுந்த புக்கிட் ஜாலிலும் ஒரு தோட்டமே. மரங்கள் போயின, லயங்கள் போயின; பள்ளியும் மாரியம்மன் கோயிலும் பெயரைப் பிடித்துக்கொண்டு நின்றன. விடுதலையின்போது 888 தமிழ்ப்பள்ளிகள். இன்று ஏறத்தாழ 530. போ தோட்டத்திலும் சுங்கை பாலாஸிலும் பள்ளிகள் தோட்டத்துக்குள்ளேயே இருப்பதால் அங்கே பெயருக்கும் இடத்துக்கும் சண்டையில்லை. எஃபிங்ஹாம் பிள்ளையிடம் “எந்தத் தோட்டம்?” என்று கேட்டால், பள்ளிச் சட்டையில் இருக்கும் பெயரைத்தான் காட்டும்.

இந்தக் கேள்வி வெறும் நினைவுப் பசிக்கு மட்டும் பயன்படவில்லை. தோட்டத்தைவிட்டு செந்தூலுக்கும் பிரிக்ஃபீல்ட்ஸுக்கும் கிள்ளானுக்கும் வந்தவர்களுக்கு வாடகை அறை கிடைத்ததும், தொழிற்சாலை வாசலில் பெயர் சொல்ல ஆள் கிடைத்ததும் இதன் வழியாகத்தான். அமெரிக்கச் சமூகவியலாளர் மார்க் கிரானோவெட்டர் 1973-ல் ஒரு கட்டுரையில், வேலை தேடித் தருவதில் நெருங்கிய உறவுகளைவிட எப்போதாவது பார்க்கும் மெல்லிய பழக்கங்களே அதிகம் உதவுகின்றன என்று காட்டினார். சொந்தக்காரருக்குத் தெரிந்த சேதி நமக்கும் தெரிந்திருக்கும். தூரத்துப் பழக்கக்காரர் கொண்டுவருவது வேறு குளத்துத் தண்ணீர். மருத்துவமனை நாற்காலியில் “அட, ரிங்லெட்டா?” என்று மூன்று நிமிடம் பேசியவர் அப்படிப்பட்டவர்தான்.

பிறகு ஏன் பேச்சு குறைகிறது? சிகாகோ நகரத்தின் ரயில் பயணிகளிடம் நிக்கோலஸ் எப்லியும் ஜூலியானா ஷ்ரோடரும் நடத்திய ஆய்வு 2014-ல் வெளிவந்தது. சிலரைப் பக்கத்து இருக்கை அந்நியரிடம் பேசச் சொன்னார்கள், சிலரைச் சும்மா இருக்கச் சொன்னார்கள். பேசினால் பயணம் கசக்கும் என்று பெரும்பாலோர் எதிர்பார்த்தார்கள். பேசியவர்களுக்கே பயணம் இனித்தது. மற்றவருக்கு நம்மிடம் பேச விருப்பமிருக்காது என்று ஒவ்வொருவரும் தனித்தனியாக நினைத்துக்கொண்டு வாயை மூடியிருக்கிறார்கள்! கோலாலம்பூரின் இலகு ரயிலில் காதில் செவிப்பேசி செருகிய பெட்டி முழுக்க அதே நினைப்புத்தான். தோட்டத்து ஆயாவுக்கு அந்தக் கூச்சம் வராததற்குக் காரணம் அவர் நல்லவர் என்பது மட்டுமில்லை. அவரிடம் தயாராக ஒரு கேள்வி இருக்கிறது. பேத்தியிடம் இல்லை. பேத்தி பிறந்தது அடுக்குமாடியின் பதினேழாவது தளத்தில். “நீங்க எந்த புளோக்?” என்று கேட்டுப் பேச்சை வளர்க்க முடியாது.

ஓராங் மானா?

2013 அக்டோபர் 23, நள்ளிரவு தாண்டிய நேரம். கனமழையில் நிரம்பிய சுல்தான் அபு பக்கார் அணையிலிருந்து தண்ணீர் திறந்துவிடப்பட, சுங்கை பெர்த்தாம் சேறும் மரமுமாக லெம்பா பெர்த்தாமுக்குள் ஏறியது. வீடுகளும் வண்டிகளும் அடித்துப்போயின, உயிர்களும் போயின. ஆற்றோரக் குடிசைகளில் இருந்தவர்களில் பண்ணைகளுக்கு வந்த அயல்நாட்டுத் தொழிலாளர்கள் நிறையப் பேர். அடுத்த ஆண்டு நவம்பரில் மறுபடி சேற்று வெள்ளம். காடழித்துப் போட்ட சட்டவிரோதப் பண்ணைகளே காரணம் என்ற பேச்சும், அணையைக் குற்றம் சொன்ன பேச்சும் நெடுநாள் ஓடின.

இதே மலையில்தான் 1967 மார்ச் 26 அன்று, தாய்லாந்துப் பட்டு வணிகத்தால் புகழ்பெற்ற அமெரிக்கர் ஜிம் தாம்ப்சன் ஒரு பங்களாவிலிருந்து உலாவப் போய்த் திரும்பவில்லை. நூற்றுக்கணக்கானோர் காட்டைச் சல்லடை போட்டார்கள், ஒராங் அஸ்லி தடம் பார்ப்பவர்கள் போனார்கள், மந்திரவாதிகளும் வந்தார்கள். அறுபது ஆண்டை நெருங்கியும் உலகம் அவரை மறக்கவில்லை. பள்ளத்தாக்குப் பண்ணையில் அனுமதிச் சீட்டு இல்லாமல் வேலை செய்யும் ஒருவர் காணாமல் போனால், அவர் பெயரை எங்கே போய்க் கேட்பது? சீட்டு உள்ளவருக்கும் அது ஒரே முதலாளியோடு கட்டப்பட்டது. முதலாளியை விட்டால் சீட்டும் போயிற்று. மியன்மாரிலிருந்து ஓடிவந்த ரொகிங்யாக்களிடம் இருப்பது ஐ.நா. அகதிகள் ஆணையத்தின் அட்டை. மலேசியா 1951 அகதிகள் உடன்படிக்கையில் கையெழுத்திடாததால் அந்த அட்டைக்குச் சட்டப்படி பெரிய பலமில்லை.

மாலையில் பெர்த்தாமின் காய்கறி லோரிகள் மலையிறங்கும். சிலாயாங் மொத்தச் சந்தையில் மூட்டை இறக்குகிறவர்களும் மியன்மார்க்காரர்கள், வங்கதேசத்தவர். கட்டிக் கொடுத்தவரும் அவிழ்த்து அடுக்குகிறவரும் அந்நிய மண்ணில் ஒரே முட்டைகோஸைத் தொட்டிருப்பார்கள். ஒருவரையொருவர் பார்த்திருக்க மாட்டார்கள். நடுவில் லோரி ஓட்டுகிறவர் மட்டும் இருவரையும் பார்ப்பார். அவர் தமிழராக இருப்பதும் உண்டு.

தேயிலைச் சரிவில் கைக்கொழுந்து குறைந்து இயந்திரம் வந்துவிட்டது. செடி வரிசையின் இரண்டு பக்கமும் ஆளுக்கொருவர் நின்று, ஒரே இயந்திரத்தின் இரு முனைகளைப் பிடித்து நடக்க வேண்டும். பின்னால் கொழுந்து நிரம்பும் நீளப் பை. ஒருவர் ஓரடி முந்தினால் கத்தி சாயும், முற்றின இலை வரும். பிந்தினால் துளிர் தப்பும். பிடித்திருக்கும் இருவர் ஒரே நாட்டவராக இருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. காலைப் பெரட்டில், அதாவது ஆள் கணக்கெடுப்பில், வேலை பிரிக்கும் தமிழ் மேற்பார்வையாளரான தண்டலுக்கு நேப்பாளியும் தெரியாது, வங்காளியும் தெரியாது. சந்தை மொழியான பாசார் மலாய் தெரியும்.

புதிதாக வந்தவரிடம் அந்த மலாயில் கேட்கப்படும் முதல் கேள்வி “ஓராங் மானா?” எந்த ஆள், எந்தப் பக்கத்து மனிதர். வங்கதேசம் என்ற பதிலோடு தண்டல் விட்டுவிட்டால் பேச்சு முடிந்தது. விடாமல் “அங்க எங்க?” என்று கேட்டால் கொமில்லா, நோவாகாலி என்று ஒரு மாவட்டம் வரும், அதற்கும் மேல் கேட்டால் ஒரு கிராமம் வரும், ஆற்றின் பெயர் வரும். தண்டலின் தாத்தாவிடம் யாரும் இவ்வளவு தூரம் கேட்டிருக்க மாட்டார்கள். லயத்துப் பக்கத்து வீட்டாரைத் தவிர.

சரிவில் வரிசை முடிகிற இடத்தில் திரும்ப வேண்டும். செடி மறைப்பதால் எதிர்முனை ஆளின் கால் தெரியாது. யாராவது ஒருவர் குரல் கொடுத்தாக வேண்டும். பெரும்பாலும் அது இருவருக்கும் தாய்மொழி இல்லாத ஒரு சொல்.

“புசிங், பாய்!”

இயந்திரம் தூக்கப்படுகிறது. இருவரும் ஒரே நேரத்தில் திரும்புகிறார்கள்.